ஒரே அடாப்டர்ல ஆறு சீரியல் செட் கோக்கலாம்னு விக்கிறாங்க, நம்பாதீங்க

ஒண்ணு போயிருந்தா இவ்வளவு ஆத்திரம் வராது. ஆறு சீரியல் செட். ஆறும் போச்சு.

ஆன்லைன்ல அலங்கார லைட் விக்கிற ஒரு கடை. ஆறு செட்டை ஒரே பெட்டியில போட்டு, ஒண்ணோட ஒண்ணு கோத்துக்கலாம்னு விக்கிறாங்க. அடாப்டர் ஒண்ணுதான். அதனால வாங்குறதுக்கு முன்னாடியே சாட்ல கேட்டாச்சு: "ஆறையும் இந்த ஒரு அடாப்டர் தாங்குமா?" வந்த பதில்: "தாராளமா சார், பத்து கூடப் போடலாம்." அந்தத் 'தாராளமா'வை நம்பினதுதான் தப்பு.

அடாப்டர் முதுகுல பொடி எழுத்துல 24 வோல்ட், 6 வாட். ஒவ்வொரு செட் ஸ்டிக்கர்லயும் 3 வாட். ரெண்டு செட்டுக்கே கணக்கு சரியாப் போச்சு. ஆறு கோத்தா 18 வாட், மூணு மடங்கு. உருப்படியான அடாப்டர்னா ஓவர்லோடுல தானா அணைஞ்சிருக்கும். இது அணையல. நாலாவது செட்லயே வெளிச்சம் மங்கல், கடைசி செட் சும்மா மினுக்மினுக். கொஞ்ச நேரத்துல அடாப்டர் கை வைக்க முடியாத சூடு, அப்புறம் கருகுற வாடை. பின்னாடி இருக்கிற அஞ்சு செட்டுக்கும் போற கரண்ட் முதல் ஜாயிண்ட் வழியாத்தான் போகணும். அங்க பின் லூஸ். பிளாஸ்டிக் இளகி, ரெண்டு செட்டும் பிரிக்க முடியாம ஒட்டிக்கிச்சு. மத்த நாலுக்கும் தனி பிளக் கிடையாது, அடாப்டர் செத்தா அதுங்களும் வெறும் வயர்தான்.

கேட்டா, "மாத்திக் கோத்திருப்பீங்க." அந்தப் பின்ல பள்ளம் இருக்கு, மாத்திச் சொருகவே முடியாது; போட்டோ அனுப்பியாச்சு. உடனே, "வாரண்டி பல்புக்கு மட்டும்." சரி, அடாப்டர் மட்டுமாவது விலைக்குக் குடுங்கன்னா, "ஸ்டாக் இல்லை." அதுக்கப்புறம் சாட்டையே மூடிட்டாங்க. ஆறு செட்டுக்கு ஒரு வரி வருத்தம் கூட இல்ல.

வாங்கும்போது என்னென்ன பாக்கணும்னு விவரமா எழுதத்தான் ஆரம்பிச்சது, இப்போ பொறுமை இல்ல. அடாப்டர் வாட்டை ஒரு செட்டோட வாட்டால வகுத்துப் பாருங்க, அத்தனை செட்தான் தாங்கும்; அந்த விளிம்பு வரைக்கும் போகாதீங்க. 'அதிகபட்சம் இத்தனை செட்'னு பெட்டியில அச்சடிக்கலையா, கோக்கவே வேண்டாம். பின் பொருந்துதேன்னு வேற கம்பெனி செட்டைச் சொருகாதீங்க, வோல்ட் வேறயா இருக்கலாம். வயரை வெட்டி முறுக்கி டேப் சுத்துறது அதைவிட மோசம். பிளக்கைப் பிடுங்கிட்டுத்தான் கோக்கணும். சாட்ல என்ன சொன்னாலும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைங்க, மூடினதும் எல்லாம் மறைஞ்சிடுது.