பரிமாணமானியோடு மூன்று வருடம்: ஜெலுத்தோங் வீட்டு அனுபவம்

நான்காவது பரிமாணத்தைக் காட்டுகிற பரிமாணமானி வாங்கலாமா என்று யோசிக்கிறவர்கள் பினாங்கில் இருந்தால், கருவிக்கு முன்னால் ஒரு ட்ரை பாக்ஸ் வாங்கிவிடுங்கள். கேமரா லென்ஸை ஈரம் பிடிக்காமல் வைக்கிற அதே பெட்டிதான். லோரோங் கூலிட் சந்தையில் பழைய கருவி ஒன்று 1,800 மலேசிய வெள்ளிக்குக் கிடைத்த சந்தோஷத்தில் நான் அதைக் கட்டிலுக்குப் பக்கத்திலேயே வைத்திருந்தேன், எட்டே மாதத்தில் பார்வைத் தட்டில் பூஞ்சை பிடித்துவிட்டது. சுத்தம் செய்யக் கொடுத்த கடை இரண்டு மாதம் வைத்திருந்து, தட்டில் கீறலும் போட்டுத் திருப்பித் தந்தது. அந்தக் கோபம் எனக்கு இன்னும் தீரவில்லை.

கருவி ரைஸ் குக்கர் அளவுதான். மேலே பார்வைத் தட்டு, கீழே பொருள் வைக்கிற சின்ன அறை, பக்கத்தில் நான்காம் திருகு. நீளம், அகலம், உயரம் மூன்றுக்கும் செங்குத்தாக இருக்கிற திசையில் நகர்த்துவது இந்தத் திருகின் வேலை. கலூசா என்ற கணித அறிஞர் 1921-இல் எழுதி, க்ளைன் என்ற இயற்பியலாளர் 1926-இல் சுருட்டி வைத்த அந்த மிகச் சிறிய பரிமாணத்தை இதில் தேடாதீர்கள், இது காட்டுவது விரிந்து கிடக்கிற திசையை.

புதிதாக வாங்குகிறவர்கள் எல்லாரும், உருவத்தை வில்லை வில்லையாகக் காட்டுகிற வெட்டு முறையில்தான் தொடங்குகிறார்கள். ஒன்றுமில்லாத இடத்தில் ஒரு புள்ளி தோன்றி, எலுமிச்சை அளவாகி, ஆரஞ்சு அளவாகி, மறுபடி சிறுத்து மறைந்துபோகும். நாற்பரிமாணப் பந்து ஒன்று நம் வெளியைக் கடந்து போயிருக்கிறது, அவ்வளவுதான். வெண்டைக்காயை நுனியிலிருந்து அரிந்துகொண்டே போனால் முதலில் புள்ளி, அப்புறம் சின்ன ஐங்கோணம், அப்புறம் விதை தெரிகிற பெரிய ஐங்கோணம் என்று வருமே, அதே கதை. வில்லையை மட்டும் பார்க்கிற எறும்புக்கு முழுக் காய் எப்படித் தெரியும்? இங்கே ஒவ்வொரு வில்லையும் ஒரு கன உருவம் என்பதுதான் வித்தியாசம்.

எனக்கு, முழு உருவத்தின் நிழலைக் காட்டுகிற நிழல் முறைதான் பிடித்தது, அதற்குக் காரணம் அம்மா. நாற்பரிமாணக் கனசதுரத்துக்கு 16 முனை, 32 விளிம்பு, 24 சதுரம், 8 கனசதுரம் என்று நான் பல நாள் மனப்பாடம் செய்துகொண்டிருந்தேன். அதன் நிழலை அம்மா ஒரு தடவைதான் பார்த்தார். “பதினாறு புள்ளிதானேப்பா, வெளிய எட்டு, உள்ள எட்டு. எந்தப் புள்ளிய எடுத்தாலும் நாலு கோடு” என்றார். மறுநாள் காலையில் அது பதினோராவது மாடி நடைபாதையில் அரிசி மாவில் கிடந்தது. எண்ணிப் பார்த்தேன், 32 கோடு, ஒன்றுகூடத் தப்பவில்லை.

ஆனால் இந்தக் கருவிக்குக் கொடுத்த காசு, பொருளைக் கண்ணாடி பிம்பமாகப் புரட்டிப் போடும் வசதிக்கே சரியாகப் போய்விட்டது என்பேன். இடக்கை உருவத்தை நான்காவது திசை வழியாகத் திருப்பினால் வலக்கை உருவமாக வந்து சேரும் என்பதைக் கணித அறிஞர் மோபியஸ் 1827-லேயே எழுதி வைத்துவிட்டார். அம்மா ராமேஸ்வரத்தில் வாங்கிவந்த விரல் அளவு சங்கு ஒன்று வீட்டில் இருந்தது, அநேகமாக எல்லாச் சங்கையும் போல இடம்புரி. அதை அறையில் வைத்துத் திருகை மெல்ல ஓட்டினேன். முதலில் வாய்ப்பக்கம் மங்கியது, பிறகு சுருள் நடுவிலிருந்து கரைந்தது, கொஞ்ச நேரம் அறை வெறுமையாக இருந்தது. திரும்பி வந்தபோது வலம்புரி! முதுகில் இருந்த பழுப்புப் புள்ளிகூட இடம் மாறியிருந்தது. அம்மா கண்ணில் ஒற்றிக்கொண்டு சாமி மேடையில் வைத்தார். மூன்று நாள் பூ வைத்தார். நான்காம் நாள், “பழையபடி திருப்பிடுப்பா, நான் வாங்கினது இது இல்ல” என்றார். திருப்பிக் கொடுத்தேன்.

பிள்ளைகள் இருக்கிற வீட்டில் கவனம். புரட்டிய எதையும் சாப்பிடக் கொடுக்காதீர்கள், பொருளோடு அதன் மூலக்கூறுகளும் கண்ணாடி பிம்பமாகிவிடும். புரட்டிய குளுக்கோஸ் நாக்குக்கு இனிக்கும், உடம்பு அதைச் சக்தியாக எடுத்துக்கொள்ளாது. குளுக்கோஸோடு போனால் பரவாயில்லை. மருந்து விஷயத்தில் ஒரே மூலக்கூறின் இடக்கை, வலக்கை வடிவம் இரண்டும் உடம்பில் வேறு வேறு வேலை செய்யலாம். என் மகள் மிட்டாயைத் தூக்கிக்கொண்டு வந்த அன்றே கருவியின் அறைக்குப் பூட்டுப் போட்டுவிட்டேன்.

மற்றபடி, மேல் வீட்டில் வாஷிங் மெஷின் ஓடினால் படம் நடுங்கும், அதனால் நான் இரவு இரண்டு மணிக்கு மேல்தான் உட்காருவேன். கருவிக்கு அடியில் பழைய யோகா பாயை நான்காக மடித்துப் போட்டதில் பாதி நடுக்கம் குறைந்தது.

பழையது வாங்குகிறவர்கள் டார்ச் ஒன்றைக் கையோடு கொண்டுபோய், தட்டின் விளிம்பில் சாய்வாக அடித்துப் பாருங்கள். சிலந்தி வலை மாதிரி வெள்ளை இழை தெரிந்தால், விற்கிறவர் எவ்வளவு குறைத்தாலும் வேண்டாம். திருகை இரண்டு பக்கமும் முழுச் சுற்று ஓட்டி, வைத்த பொருள் வைத்தபடியே திரும்பி வருகிறதா என்று பார்த்த பிறகு காசைக் கொடுங்கள்.