கோர்ட் ஆர்டர் வாங்கியும் நாலு மாதம் ஓடாமல் நின்ற எங்கள் பஸ்

பெர்மிட் விண்ணப்பம் ஆர்.டி.ஓ. ஆபீசில் கிடப்பில் கிடக்கிறது, ஹைகோர்ட் போகலாம் என்று இருப்பவர்கள் புரோக்கரிடம் பணம் கொடுப்பதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள்.

அப்பா பெயரில் ஒரு மினி பஸ் பெர்மிட். அவர் தவறியதும் 30 நாளுக்குள் தகவல் கொடுத்தோம். 3 மாதத்துக்குள் அம்மா பெயருக்கு மாற்ற விண்ணப்பமும் போட்டாயிற்று. மோட்டார் வாகனச் சட்டம் 82வது பிரிவு கேட்பது அதைத்தான். அந்த 3 மாதம் பஸ் ஓடியது, பிறகு நிறுத்திவிட்டோம். எப்போது போய்க் கேட்டாலும் "ஃபைல் மேல போயிருக்கு" என்ற ஒரே பதில்.

அங்கே வாசலில் பழக்கமானவர்தான் அந்த புரோக்கர். "ஹைகோர்ட் மதுரை கிளையில ரிட் மனு போட்டா பெர்மிட் தானா வந்துடும் தம்பி" என்று 45,000 ரூபாய் வாங்கினார். ரசீது கிடையாது. ஒரு மாதத்தில் ஆர்டரை போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பினார். அம்மா அதைப் பார்த்து அழுதுவிட்டார். ஜெயித்துவிட்டோம் என்றே நினைத்தோம்.

நாலு மாதம் ஒன்றும் நடக்கவில்லை. தோப்பில் நின்ற பஸ் கூரையில் வேப்பஞ்சருகு மக்கிப் போனது. பேட்டரி செத்தது. கேட்டால், "ஆர்டரை மதிக்கலைன்னு கோர்ட் அவமதிப்பு வழக்கு போடணும், இன்னொரு 30,000 ஆகும்" என்றார். அதையும் கொடுத்தேன்.

பிறகுதான் ஒரு வக்கீலிடம் அந்த ஆர்டரைக் காட்டினேன். ஆர்.டி.ஓ. ஆபீசுக்கு நகல் கிடைத்த நாளிலிருந்து 6 வாரத்துக்குள், சட்டப்படி, தகுதி பார்த்து முடிவெடுக்க வேண்டும் என்பதுதான் அதில் இருந்தது. பெர்மிட் கொடு என்று ஒரு வரிகூட இல்லை. முடிவு நிராகரிப்பாகவும் இருக்கலாம். அப்படி வந்தால் 89வது பிரிவின்படி சென்னையில் உள்ள மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டுமாம். "நகலை எப்ப கொடுத்தீங்க?" என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை. ஆபீஸ் தபால் பதிவேட்டில் அப்படி ஒன்று வந்ததாகவே இல்லை. அந்த 6 வாரம் தொடங்கவே இல்லை, அதற்குள் அவமதிப்பு என்று பணம் பறித்திருக்கிறார். வழக்கு விவரம் பார்க்கும் இ-கோர்ட்ஸ் தளத்தில் வழக்கு எண்ணைப் போட்டுப் பார்த்தோம், அந்த அவமதிப்பு வழக்கு பதிவாகவே இல்லை.

சான்றிட்ட நகலை நானே கொண்டுபோய்க் கொடுத்து, என் பிரதியில் தேதியோடு சீல் வாங்கினேன். பத்தாவது நாள் கடிதம் வந்தது: வாரிசுச் சான்றிதழில் உள்ள அக்காவின் சம்மதக் கடிதம் இணைக்கப்படவில்லை. ஒரே ஒரு தாள்! அதை முதலிலேயே சொல்லாத ஆபீஸ் மீதும் எனக்குக் கோபம் உண்டு. கடிதம் கொடுத்தோம், ஐந்தாவது வாரம் பெர்மிட் அம்மா பெயருக்கு வந்தது.

ஆர்டரின் கடைசிப் பத்தியை நீங்களே வக்கீலிடம் உட்கார்ந்து வரிவரியாகக் கேளுங்கள். நகலைக் கொடுக்கும் வேலையை யாரிடமும் விடாதீர்கள். சீல் வாங்கி, கெடுவும் தாண்டிய பிறகுதான் அவமதிப்பு பற்றிய பேச்சே. அதையும் ஒரு வருடத்துக்குள் போட்டாக வேண்டும்.

கொடுத்த 75,000க்குப் போலீசில் புகார் கொடுத்திருக்கிறேன். ரசீது இல்லாததால் வாட்ஸ்அப் மெசேஜ்களை அச்செடுத்துச் சேர்த்திருக்கிறேன்.