‘வாவல்’ என்று தேடினால் என்ன கிடைக்கும்? சிகாகோ தளத்தின் தமிழ் லெக்சிகன்: ஒரு மதிப்புரை

ஓர் அகராதி எவ்வளவு தேறும் என்பதை ‘மரம்’, ‘வீடு’ என்று தேடிப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. பேச்சில் அருகிப்போய், பழம்பாட்டிலும் மீன் கடையிலும் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கும் சொல்லாகப் பார்த்து எடுக்க வேண்டும். ‘வாவல்’ அதற்கு வாகான சொல். வௌவாலின் பழம்பெயர் அது. மலையாளத்தில் இன்றும் வாவல்தான், கன்னடத்தில் பாவலி. தமிழிலோ வாவல் என்று சொன்னால் பலருக்கு மீன்தான் நினைவுக்கு வரும்.

இந்த ஒரே சொல்லை வைத்து, சிகாகோ பல்கலைக்கழகத்தின் ‘டிஜிட்டல் சவுத் ஏசியா லைப்ரரி’ தளத்தில் உள்ள தமிழ் லெக்சிகனைச் சோதித்ததன் பலன் கீழே. சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகவும், பிறகு 1939இல் இணைப்புத் தொகுதியோடும் முடித்த அகராதி இது. மொத்தம் 1,17,762 சொற்கள். கட்டணம் இல்லை, கணக்குத் தொடங்கவும் தேவையில்லை. அதே தளத்தில் வின்சுலோ (1862), பெப்ரீசியசு, கதிரைவேற்பிள்ளை அகராதிகளும் தனித்தனியே இருக்கின்றன.

முதலில் தட்டச்சு. பெரும்பாலானவர்கள் சறுக்குவது இங்கேதான். ‘வௌவால்’ என்ற சொல்லை இரண்டு விதமாகத் தட்டலாம். திரையில் இரண்டும் ஒன்றுபோலவே தெரியும். சரியானது, வகரத்தோடு ஔகாரக் குறியைச் சேர்ப்பது. தவறானது, ‘வெ’ என்று தட்டிவிட்டு அடுத்து ‘ள’ என்ற முழு எழுத்தைப் போடுவது. ஔகாரக் குறியின் பின்பாதி ளகரம் போலவே இருப்பதால் கண்ணுக்கு வேறுபாடு புலப்படாது. கணினிக்கு இரண்டாவது ‘வெ-ள-வா-ல்’ என்ற வேறொரு சொல். தேடல் வெறுங்கையோடு திரும்பும். சொல்லே அகராதியில் இல்லை என்று நினைத்துவிடுவோம். கண்டுபிடிக்க எளிய வழி உண்டு. சொல்லின் முதலெழுத்துக்குப் பின்னால் சுட்டியை வைத்து வலப்புற அம்புக்குறியை ஒருமுறை தட்டுங்கள். சுட்டி ‘வா’வுக்கு முன் போய் நின்றால் சரி. ‘ள’வுக்கு முன்னால் நின்றால் அழித்துவிட்டு மறுபடி தட்டவும். செய்தித்தாள்களிலிருந்து நகலெடுத்து ஒட்டும் சொற்களில் இந்தப் பிழை மிகுதி.

அடுத்தது எழுத்துக்கூட்டல். வௌவால், வவ்வால், வாவல் மூன்றையும் தனித்தனியே தேட வேண்டும். ஔகாரமும் ‘அவ்’வும் ஒன்றுபோல ஒலிக்கும் என்று நன்னூல் சொல்லும், ஆனால் அகரவரிசை அதைக் கண்டுகொள்ளாது. வவ்வால் வகர வரிசையின் தொடக்கத்திலும், வௌவால் அதன் கடைசியிலும் நிற்கும். நடுவே பல நூறு பக்கங்கள். ஆங்கில எழுத்தில் ஒலிபெயர்த்தும் தேடலாம் என்றாலும், தமிழிலேயே தட்டுவது மேல்.

பதிவு கிடைத்ததும் பொருளை மட்டும் படித்துவிட்டு மூடிவிடாதீர்கள். லெக்சிகனின் உயிர் பொருளுக்குப் பின்னால் வரும் அடைப்புக்குறிக்குள் இருக்கிறது. அங்கே (பிங்.) என்று மட்டும் இருந்தால் சொல் பிங்கல நிகண்டு என்ற பழைய செய்யுள் அகராதியிலிருந்து எடுக்கப்பட்டது, ஆங்கில எழுத்து ‘டபிள்யூ’ மட்டும் இருந்தால் வின்சுலோவிலிருந்து வந்தது. இவ்விரண்டு இடத்திலும் அந்தப் பொருளுக்கு இலக்கிய ஆட்சியைத் தொகுப்பாளர்கள் காட்டவில்லை என்று கொள்ளலாம். பாட்டின் அடியும் நூற்பெயரும் எண்ணும் சேர்ந்து வந்தால் அந்தப் பொருளில் சொல் உண்மையாகவே வழங்கியதற்குச் சான்று உண்டு. நிகண்டுச் சொல்லையும் வழக்குச் சொல்லையும் ஒரே தட்டில் வைத்து எழுதும் கட்டுரைகள் தடுமாறுவது இந்தக் குறிகளைப் பார்க்காததால்தான். தலைச்சொல்லின் தோளில் சின்னதாக 1, 2 என்று எண் இருந்தால், ஒரே வடிவில் வேறு வேறு சொற்கள் இருக்கின்றன என்று பொருள். பக்க எண்ணையும் விட்டுவிடாதீர்கள். அதன்வழி அச்சுப் பக்கத்தின் மற்ற சொற்களுக்கும் போகலாம். கூட்டுச் சொற்கள் அக்கம்பக்கத்தில் அகப்படும்.

வாவல் என்பதற்குப் பறக்கும் உயிர், மீன், தாவுதல் என மூன்று கிளைகள். தாவுதல் என்பது ‘வாவு’ என்ற வினையிலிருந்து வருவது. ‘வாம்பரி’ என்று படித்திருப்போம். வாவும் பரி, அதாவது தாவிச் செல்லும் குதிரை. ‘வாவும்’ சுருங்கி ‘வாம்’ ஆயிற்று. மீன்பெயர் இன்றும் உயிரோடு இருக்கிறது: வெள்ளை வாவல், கருப்பு வாவல். சில இடங்களில் வவ்வால் மீன் என்றே விற்கிறார்கள். தட்டையான உடலும், இருபுறமும் சிறகு விரித்தாற்போன்ற துடுப்பும் பார்த்தவர்களுக்குப் பெயர்க் காரணம் சொல்ல வேண்டியதில்லை. ஓர் எச்சரிக்கை மட்டும்: லெக்சிகன் காலத்து நூல்களில் மீனுக்கும் செடிகொடிக்கும் இருக்கும் அறிவியற் பெயர்கள் அக்காலத்தவை. கருப்பு வாவல் முன்பு ஸ்ட்ரோமேட்டியஸ் நைகர். இப்போது பாராஸ்ட்ரோமேட்டியஸ் நைகர். பழைய பெயரை அப்படியே எடுத்துக் கட்டுரையில் போட்டால் பிழையாகிவிடும்.

சரி, பறக்கும் வாவல் எந்த வௌவால்? இந்தக் கேள்விக்கு லெக்சிகனில் விடை இல்லை. ‘வௌவால்’ என்ற ஒற்றைச் சொல்லோடு நின்றுவிடுகிறது. கோயில் மண்டபத்தில் பூச்சி பிடித்துத் திரியும் சின்ன வௌவாலும், ஆலமரத்தில் கொத்துக்கொத்தாகத் தொங்கும் பழந்தின்னியும் ஒன்றல்ல. மலையாளத்தார் சின்னதை நரிச்சீறு என்றும் பெரியதைக் கடவாவல் என்றும் பிரித்தே சொல்வார்கள். சங்கப் பாட்டில் வாவல் எது என்று அறிய, சொல் வரும் இடங்களைப் போய்ப் பார்ப்பது தவிர வேறு வழியில்லை.

அதற்கு உதவுவது முனைவர் ப. பாண்டியராஜா உருவாக்கிய சங்கச் சொல்லடைவுத் தளம். சொல்லைக் கொடுத்தால் அது வரும் அடிகளைப் பாட்டெண்ணோடு வரிசையாகத் தருகிறது. லெக்சிகன் விட்ட இடத்திலிருந்து இதைத் தொடங்குங்கள். சொற்கள் ஏற்கெனவே பிரித்து வைக்கப்பட்டிருப்பது இதன் பெரிய பலம். சந்தி பிரிக்காத பனுவலை நீங்களே இறக்கி, எழுத்துக்கோவையாக அப்படியே தேடும் கருவியில் தேடுவதானால் ஒரு நுட்பம்: ‘வாவல்’ என்று புள்ளியோடு தேடினால் ‘வாவலும்’ சிக்காது. புள்ளியை எடுத்துவிட்டு ‘வாவல’ என்று தேடினால் இரண்டும் வரும். ஏனென்றால் கணினியில் புள்ளியும் உகரக் குறியும் லகரத்துக்குப் பின்னால் தனியாக நிற்பவை. ‘வாவற்’ என்று திரிந்ததை மட்டும் தனியே தேட வேண்டும். இன்னும் குறைத்து ‘வாவ’ என்று தேடினால் குளத்தைக் குறிக்கும் ‘வாவி’யெல்லாம் வந்து குவியும்.

கிடைக்கும் அடிகளைப் பாருங்கள். நற்றிணை 87இல் உள்ளூர் மாமரத்தில் ‘முள்ளெயிற்று வாவல்’, அதாவது முள் போன்ற பல்லுடைய வாவல், தொங்கித் தூங்குகிறது. தூக்கத்தில் அழிசி என்பவனின் பெருங்காட்டு நெல்லிக்காயின் புளிப்பைக் கனவு காண்கிறது. நற்றிணை 279இல் வேப்பம்பழம் வெறுத்துப்போய் இருப்பைப் (இலுப்பை) பழத்தை விரும்பி, பனியில் வாடுகிறது. குறுந்தொகை 172இல் ‘நொப்பறை வாவல் பழுமரம் படரும் பையுள் மாலை’, அதாவது வாவல் பழுத்த மரத்தை நாடிப் போகும் துயர மாலை. நெல்லி, வேம்பு, இருப்பை, பழுமரம்: மூன்று பாட்டிலும் பழத்தைத் தேடும் உயிர்தான். ஆகவே சங்க வாவல் பழந்தின்னி வௌவால் என்று துணிந்து எழுதலாம். அகராதியின் ஒற்றைச் சொல் பொருள் தராத செய்தியை மூன்று அடிகள் தருகின்றன.

‘நொப்பறை’ என்பதைத் தனியே நிறுத்திப் பார்க்க வேண்டும். பறை என்றதும் கொட்டுகிற பறையை நினைத்தால் அடி கெட்டுவிடும். இங்கே பறை என்றால் பறத்தல். நொ என்றால் நொய்மை. மெல்லப் பறக்கும் வாவல். மாலையில் பழந்தின்னிகள் சிறகை நிதானமாக அடித்துப் போவதைப் பார்த்தவர் வைத்த சொல். லெக்சிகனில் ‘பறை’யைத் தேடும்போது முதல் பொருளோடு நின்றுவிடாமல் கடைசிவரை இறங்கிப் படிக்க வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு வேண்டாம்.

‘வாவல்’ என்று எந்தக் கருவியில் தேடினாலும் சிக்காத இடங்கள் இரண்டு உண்டு. குறுந்தொகை 201இல் நெல்லிப் புளிப்பை உண்டுவிட்டு மூங்கிலில் தொங்கும் உயிருக்கு வாவல் என்ற பெயரே இல்லை. ‘நீல மென்சிறை வள்ளுகிர்ப் பறவை’ என்று கரிய மெல்லிய சிறகையும் கூரிய நகத்தையும் சொல்லிவிட்டுப் போகிறது பாட்டு. அகநானூறு 244இல் ‘மாச்சிறைப் பறவை’. அதன் சிறகுக்கு உவமை, ‘பசைபடு பச்சை நெய்தோய்த் தன்ன’. பச்சை என்றால் இங்கே நிறமல்ல, தோல். எண்ணெயில் தோய்த்த பதனிட்ட தோல் போன்ற சிறகு. இறகில்லாத அந்தச் சவ்வின் பளபளப்பும் வழவழப்பும் கையால் தொட்டதுபோல வந்துவிடுகிறது. வாவல் என்று மட்டும் தேடி ஆய்வுக் கட்டுரை எழுதுவோர் கைவிடுவது இந்த அருமையான இடத்தைத்தான். சொல்லடைவில் ‘சிறை’, ‘பறவை’, ‘தூங்கு’ ஆகியவற்றையும் ஒருமுறை ஓட்டிப் பார்த்துவிடுங்கள். அடிகள் நிறைய வரும். பொறுமையாகத்தான் கழிக்க வேண்டும்.

கட்டடக் கலையிலும் வௌவால் உண்டு. திருவீழிமிழலைக் கோயிலின் ‘வௌவால் நத்தி மண்டபம்’ பேர்பெற்றது. நடுவே தூண் இல்லாமல் வளைந்த கூரையோடு அகலமாகக் கட்டியது. ஆவுடையார்கோயில் கொடுங்கை (வளைந்த கூரை விளிம்பு), திருவலஞ்சுழிப் பலகணி (கல் சன்னல்), கடாரங்கொண்டான் மதில் இவற்றோடு இதையும் சேர்த்து, இவை தவிர மற்றெதுவும் செய்து தருகிறோம் என்று சிற்பிகள் ஒப்பந்தம் எழுதுவார்கள் என்பது வழக்கு. ‘வௌவால் நெற்றி’ என்றும் எழுதுகிறார்கள், ‘வவ்வால்’ என்றும் எழுதுகிறார்கள். தேடும்போது நத்தி, நெற்றி இரண்டோடும் வௌ, வவ் இரண்டையும் மாற்றி மாற்றி, நான்கு முறை தேடுவதே பாதுகாப்பு.

இன்றைய உரைநடையில் வௌவாலை எப்படி எழுதுவது, வாக்கியத்தில் எப்படி வரும் என்பதுதான் தேவை என்றால் லெக்சிகன் வேண்டாம். க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி (1992, விரிவாக்கிய பதிப்புகள் 2008, 2020) எடுத்துக்காட்டு வாக்கியங்களோடு வருவது, அந்த வேலைக்கு அதுவே சரி. திராவிட மொழிகளில் சொல்லின் உறவு வேண்டுவோர் பரோ, எமனோ தொகுத்த வேர்ச்சொல் அகராதிக்கு (இரண்டாம் பதிப்பு 1984) போகலாம். அதுவும் சிகாகோ தளத்திலேயே இலவசம். ஒன்றுக்கு மாற்றாக மற்றொன்றைக் கொள்ள முடியாது.

கடைசியாகத் ‘துரிஞ்சில்’. வாவலைவிடவும் அரிய சொல். லெக்சிகன் இதற்கு ஒரு வகை வௌவால் என்று பொருள் தருகிறது. ஆனால் ‘துரிஞ்சி’ வரை மட்டும் தட்டித் தொடக்கத் தேடல் செய்தால் அருகிலேயே மரப்பெயரும் வந்து நிற்கும். துரிஞ்சி மரம் என்பது உசிலை. அதன் இலையை இடித்த அரப்புத்தூளைத்தான் தலைக்குத் தேய்த்துக் குளிக்கிறோம். திருவண்ணாமலைப் பக்கம் துரிஞ்சலாறும் துரிஞ்சாபுரமும் இருப்பதைப் பார்த்து வௌவால் ஆறு, வௌவால் ஊர் என்று எழுதத் துணிவதற்கு முன் இரண்டு பதிவுகளையும் படியுங்கள். ஊர்ப்பெயரில் இருப்பது மரமா வௌவாலா என்று அகராதி சொல்லாது. அந்த ஊர்க்காரர்கள் உசிலையை என்ன பெயர் சொல்லி அழைக்கிறார்கள் என்று கேட்டுத்தான் எழுத வேண்டும்.