பிள்ளையார் நோன்பு செட்: இழைக்காக வாங்கலாம், மாவுக்காக வேண்டாம்

காரைக்குடில ஒரு பலகாரக் கடைல, நகரத்தார் வீடுகள்ல கும்பிடுற பிள்ளையார் நோன்புக்குன்னே செட் போட்டு விக்கிறாக, இழை (நூல்ல திரிச்ச திரி), இழை மாவு (அந்தத் திரிய நடுற வெல்ல மாவு), பொரி வகை, ஆவாரம்பூ, பணியார மாவு எல்லாம் ஒரே டப்பால. வெளியூருக்கு கொரியரும் உண்டு. திருக்கார்த்திகைலேர்ந்து 21ம் நாள், சஷ்டியும் சதயமும் சேர்ற அன்னைக்கு சாயங்காலம் இழை எடுக்கணும், அதாவது திரிய மாவுல நட்டுக் கொளுத்தி மாவோட வாயில போட்டுக்கணும், அதுக்குள்ள உக்காந்து நூல் திரிக்க இப்ப எந்த வீட்டுல ஆளு இருக்கு சொல்லுங்க, அதான் வாங்குனோம்.

முதல்ல இழை. புதுக் கோடி வேட்டில நூல் உருவி திரிச்சதுதான் வழக்கம், கடை இழைன்னதும் அப்பத்தா நம்பவே இல்ல, ஒண்ணப் பிரிச்சு விரலால தடவித் தடவி எண்ணுனாக, 21 நூல் சரியா இருந்துச்சு. எனக்கு வேற பயம், கொளுத்துன இழைய மாவோட அப்படியே வாயில போட்டு முழுங்குறோம், பாலியஸ்டர் கலந்திருந்தா என்னாகுறது? ஒண்ண எரிச்சுப் பாத்தேன், உருகி உருண்டையாகாம சாம்பலா உதிந்துச்சு, பருத்திதான். இந்த ஒரு விஷயத்துக்கே கடைக்காரவுகளுக்கு கும்பிடு போடலாம்.

ஆனா மாவு சுத்தமா சரியில்லங்க. வெல்லத்த பொடியாவே கலந்து வச்சிருக்காக, நெய்ய ஊத்தி எவ்வளவு பிசஞ்சாலும் பிடி நிக்கல, உதிருது. இழைய நட்டா சாயுது, எரியுற திரி சின்னப்புள்ள கைல சாஞ்சா என்ன பண்றது. கடைசில ஆத்தா பச்சரிசி மாவு எடுத்து வெல்லப் பாகு காச்சி ஊத்தி புதுசா பிசஞ்சாக, அப்பறந்தான் கெட்டியா நின்னுச்சு. பாகு இல்லாத மாவெல்லாம் இழை மாவா, அப்பத்தா கேட்டாக பாருங்க ஒரு கேள்வி!

பொரி மொறுமொறுன்னு நல்லாருந்துச்சு, ஆவாரம்பூ வாடிப் போச்சு, பணியார மாவு சுமார்.

இன்னொண்ணு, ஒரு செட்டுல ஆறு இழைதான். எங்க வீட்டுல முழுகாம இருக்குறவுகளுக்கு வயித்துப் புள்ளைக்கும் சேத்து ரெண்டு இழை குடுப்பாக, அண்ணன் பொண்டாட்டிக்கு அப்படி குடுத்ததுல எங்களுக்கு பத்தல, இன்னொரு செட்டுக்கு ஓட வேண்டியதாப் போச்சு. தல எண்ணிட்டு வாங்குங்க.

இழையும் பொரியும் மட்டும் தனியா குடுப்பீகளான்னு கேட்டேன், தருவாகளாம், கார்த்திகைக்கு முன்னாடியே சொல்லி வச்சிரணுமாம்.