பழைய டாம் அண்ட் ஜெர்ரிக்கு இன்னும் சிரிப்பு வருமா? முதலில் ரிமோட்டை எடுங்கள்

புது டிவியில் பழைய டாம் அண்ட் ஜெர்ரி போட்டுவிட்டு, "முன்ன மாதிரி சிரிப்பு வரலையே" என்பவர்களுக்கு: பாதிக் குற்றம் டிவியுடையது.

இந்தப் படங்களுக்கு நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள். டாம் பாய்ந்து வந்து சட்டென்று நிற்பான், அரை நொடி முழிப்பான், அப்புறம்தான் தலையில் விழும். அந்த 12 ஃபிரேமில்தான் சிரிப்பே இருக்கிறது. டிவியில் இருக்கும் மோஷன் ஸ்மூத்திங் என்ற சனியன் ஃபிரேம்களுக்கு நடுவே இல்லாத படங்களைத் தானாக உருவாக்கிச் சொருகுகிறது. நறுக்கென்று விழவேண்டிய அடி வழுக்கிக்கொண்டு விழுகிறது, கோடுகளின் ஓரம் கலங்குகிறது. இதற்கு எல்ஜியில் பெயர் ட்ரூமோஷன், சோனியில் மோஷன்ஃப்ளோ, சாம்சங்கில் பிக்சர் கிளாரிட்டி. எதுவானாலும் ஆஃப் செய்யுங்கள். கடையிலிருந்து வரும்போதே இதை ஆன் செய்து அனுப்புவதை மன்னிக்கவே முடியாது.

1950களின் தொடக்கம் வரை வந்தவை ஏறக்குறைய 4:3 அளவு, அதாவது இன்றைய டிவித் திரையைவிட அகலம் குறைவு. அகலத்துக்கு இழுத்தால் டாம் ஊதிவிடுவான்; ஜூம் போட்டால் தரையோரம் ஓடும் ஜெர்ரி வெட்டுப்படுவான். பக்கத்துக் கறுப்புப் பட்டை இருந்துவிட்டுப் போகட்டும். சத்தத்தைத் தானாகச் சமப்படுத்தும் ஆட்டோ வால்யூமையும் நிறுத்துங்கள். ஸ்காட் பிராட்லியின் இசையில் அமைதிக்குப் பின் வரும் 'டமார்' அதில் அமுங்கிப்போகிறது.

சரிசெய்ததும் 1947இல் ஆஸ்கர் வாங்கிய 'தி கேட் கன்செர்ட்டோ'வைப் போடுங்கள். கோட்டு மாட்டிய டாம், இசையமைப்பாளர் ஃபிரான்ஸ் லிஸ்ட்டின் 'ஹங்கேரியன் ராப்சடி'யைப் பியானோவில் வாசிக்கிறான். ஜெர்ரி பியானோவுக்குள் தூங்குகிறான். கட்டைகளை எடுத்துவிட்டு அந்த இடத்தில் எலிப்பொறியை வைக்கிறது எலி! விரல் மாட்டுவதுகூட தாளத்தில்தான் மாட்டுகிறது. வசனம் கிடையாது, அதனால் பழசாகவும் இல்லை.

எல்லாமே இப்படி என்று சொல்லமாட்டேன். வெடி வெடித்ததும் முகம் கரியாகி, கறுப்பின மக்களைக் கேலிசெய்யும் உருவமாக மாறுகிற காட்சிகளுக்கு அன்றும் சிரித்திருக்கக் கூடாது. குழந்தைகளோடு பார்க்கும்போது அவை வந்தால் நிறுத்தி, ஏன் தப்பு என்று சொல்லுங்கள். 1961-62இல் இயக்குநர் ஜீன் டைச் பிராக் நகரில் எடுத்த 13 படங்களில் அடி வலிக்கிறதே தவிர சிரிப்பு வருவதில்லை.

இன்னொன்று, வரிசையாகப் பத்து பார்க்காதீர்கள். தியேட்டரில் பெரிய படத்தோடு ஒன்றாகக் காட்ட எடுத்த ஏழெட்டு நிமிடத் துண்டுகள் இவை. நாலாவதில் அடி எங்கிருந்து வரும் என்று கண்ணுக்குத் தெரிந்துவிடும். இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு இரண்டு போதும். இவ்வளவு குறை சொல்லிவிட்டேன். ஆனாலும் அந்த எலிப்பொறிக் காட்சிக்கு நிகராக இன்றைய கார்ட்டூன் எதுவும் கிடையாது.