பாடன்-பாடன் ஃப்ரீட்ரிஷ்ஸ்பாட்: உடம்புக் கூச்சம் உள்ளவர்களுக்கு ஏற்ற நிர்வாணக் குளியல்

உடம்பைப் பற்றிய கூச்சம் போக வேண்டும் என்றால் நிர்வாணக் கடற்கரைக்குப் போங்கள் என்பார்கள். முதல்முறை போகிறவர்களுக்கு அது சரிப்படாது. மணலில் சும்மா கிடக்கும்போது யார் நம்மைப் பார்க்கிறார்கள் என்ற நினைப்புதான் ஓடும். ஜெர்மனியின் பாடன்-பாடனில் 1877-இல் திறந்த ஃப்ரீட்ரிஷ்ஸ்பாட் என்ற வெந்நீர்க் குளியல் இல்லத்தில் அதற்கு நேரமே இருக்காது. மொத்தம் 17 நிலைகள், ஒவ்வொன்றுக்கும் இத்தனை நிமிடம் என்று கணக்கு. கவனம் சூட்டிலும் கடிகாரத்திலும் போய்விடும்.

ஷவர் முடிந்ததும் 54 டிகிரி உலர்சூட்டில் 15 நிமிடம், 68 டிகிரியில் 5 நிமிடம். கொடுக்கும் துணியைப் பலகையில் விரித்துத்தான் படுக்க வேண்டும். இல்லாவிட்டால் மரம் முதுகைச் சுடும், வியர்வையும் மரத்தில் இறங்கும். தரையும் சுடும் என்பதால் செருப்பு அங்கேயே தருவார்கள். சங்கிலி, மோதிரம், உலோக ஃபிரேம் கண்ணாடி எல்லாம் லாக்கரிலேயே இருக்கட்டும்.

அடுத்தது சோப்பு பிரஷ் தேய்ப்பு. இதையும் சேர்த்தே டிக்கெட் எடுங்கள், விட்டுவிட வேண்டாம். மென்மையான பிரஷே போதும். அன்று காலை முடி மழித்திருந்தால் அதுவும் எரியும். மேசையில் படுக்க வைத்து முதுகிலிருந்து குதிகால் வரை நுரை போட்டுத் தேய்ப்பார்கள். தொப்பை, ஆபரேஷன் தழும்பு, பிரசவ வரி எல்லாம் அந்தக் கைகளுக்கு வெறும் தோல். கூச்சம் உடைவது பெரும்பாலும் இந்த மேசையில்தான்.

பிறகு 45, 48 டிகிரி நீராவி. 36, 34, 28 என்று சூடு இறங்கிக்கொண்டே போகும் குளங்கள். குவிமாடத்தின் கீழுள்ள குளத்துக்கு வரும்போது யாரும் யாரையும் அளந்து பார்ப்பதில்லை. லண்டன் கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியின் உளவியலாளர் கியோன் வெஸ்ட் செய்த ஆய்வுகளும் இதைத்தான் சொல்கின்றன: மற்றவர்களோடு நிர்வாணமாக இருக்கும்போது, நம் உடலை எடைபோடுவார்களோ என்ற பதற்றம் குறைகிறது, அதனால் சொந்த உடல் மீது மதிப்பு கூடுகிறது. பெரியவர்களிடம் நடத்திய ஆய்வுகள் இவை.

கடைசியில் 18 டிகிரி குளிர்நீரில் ஒரு முங்கு, சூடேற்றிய துண்டு, போர்வைக்குள் அரை மணி ஓய்வு. ஓய்வைச் சுருக்கினால் படியிறங்கும்போது தலை சுற்றும். சூட்டறையில் சொன்ன நேரத்துக்கு மேல் இருந்தாலும், வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டுப் போனாலும் அதே கதிதான். இதய நோய், ரத்த அழுத்தம் உள்ளவர்களும் கர்ப்பிணிகளும் டாக்டரைக் கேட்காமல் போக வேண்டாம்.

குறை என்றால், மெல்ல மெல்லப் பழக வழியில்லை. நீச்சலுடைக்கு இடமே கிடையாது. ஆணும் பெண்ணும் தனித்தனியாகக் குளிக்கும் நாட்களும் சேர்ந்து குளிக்கும் நாட்களும் மாறி வரும். கூச்சம் அதிகம் என்றால் அட்டவணையைப் பார்த்துத் தனி நாளில் பதிவு செய்யுங்கள். மூன்று மணி நேரமாவது கையில் இருக்க வேண்டும்.