மளிகைக் கடை மேல்மாடியில் ஆறு சனிக்கிழமை

மலேசியாவில், சுங்கை சிப்புட் கடைத்தெருவில், என் தையல் கடைக்கு நாலு கடை தள்ளி, மளிகைக் கடையின் மேல்மாடியில் ஓர் இலக்கிய வகுப்பு நடக்கிறது. ஓய்வுபெற்ற ஆங்கில டீச்சர் ஒருவர் நடத்துகிறார். சனிக்கிழமை மாலை 4 முதல் 6 வரை, ஆறு வாரம், மொத்தம் 60 வெள்ளி. பாடம் ஆங்கிலத்தில், விளக்கமெல்லாம் தமிழில். இந்தத் தடவை ஐரோப்பாவின் மறுமலர்ச்சிக் காலம். பெண் என்றால் யார், ஆண் என்றால் யார் என்று அந்தக் காலத்தார் எழுதியும் நடித்தும் சண்டை போட்டும் பார்த்த கதை. படிக்கட்டில் ஒட்டியிருந்த தாளில் ‘ஆண் உடையில் பெண், பெண் உடையில் ஆண்’ என்று ஒரு வரி. முப்பது வருஷமாகத் துணி வெட்டுகிறவள் நான். அன்றைக்கே பேர் கொடுத்துவிட்டேன்.

முதல் வகுப்பு கிறிஸ்தீன் டி பிசான். வெனிஸில் பிறந்து பிரான்சில் வளர்ந்தவர். 25 வயதிலேயே கணவரை இழந்து, மூன்று பிள்ளைகளோடு எழுதிப் பிழைத்தவர். 1405-இல் பெண்களுக்கென்றே ஒரு நகரம் கட்டுவதாக நூல் எழுதினார். பெயர்பெற்ற பெண்களின் கதைகள்தான் அதற்குக் கல். எங்கள் ரப்பர் தோட்டத்தில் ஒரு பெண் குரலை உயர்த்தினால் ‘இங்க என்ன அல்லி ராஜ்யமா நடக்குது?’ என்பார்கள். கிறிஸ்தீன் அந்த ராஜ்யத்துக்கு அஸ்திவாரம் போட்டு மதிலும் எழுப்பினார். அவருடைய பாட்டுகளில் நமக்குக் கிடைத்த கடைசிப் பாட்டு 1429-இல், ஆண் உடையில் போருக்குப் போன ஜோன் ஆஃப் ஆர்க்கைப் பாடியது. இரண்டே வருஷத்தில் ஜோனை எரித்தார்கள். சிறையில் அவள் மறுபடியும் ஆண் உடை போட்டதையே பெரிய குற்றமாகப் பிடித்துக்கொண்டார்கள்.

மூன்றாம் வாரம் ஷேக்ஸ்பியரின் ‘பன்னிரண்டாம் இரவு’. கப்பல் உடைந்து கரை ஒதுங்கிய வயோலா, கூடப் பிறந்த இரட்டையன் கடலோடு போய்விட்டான் என்று நினைத்து, அவனைப் போலவே உடுத்திக்கொண்டு ஒரு பிரபுவிடம் வேலைக்குச் சேருகிறாள். அந்த நாளில் லண்டன் மேடையில் பெண் வேஷத்தைப் பையன்கள்தான் போட்டார்கள். 1660-இல் தியேட்டர்கள் மறுபடி திறந்த பிறகுதான் நடிகைகள் வந்தார்கள். அப்படியென்றால், பெண் வேஷம் போட்ட பையன் அதற்கு மேல் ஆண் வேஷம் போடுகிறான். எனக்கு எங்கள் தோட்டத்துத் திருவிழா ஞாபகம் வந்தது. காலையில் ரப்பர் மரத்தில் பால் வெட்டிவிட்டு வந்த மாமாதான் ராத்திரி பவளக்கொடி. என் பெரியம்மாவின் சேலையைத்தான் இரவல் வாங்கிக் கட்டுவார்.

டீச்சர், எங்களோடு படிக்கும் லோரி ஓட்டுகிற தம்பியை வயோலாவாகவும் என்னைப் பிரபுவாகவும் வாசிக்கச் சொன்னார். ஓர் இடத்தில் வயோலா சொல்கிறாள்: என் தகப்பன் வீட்டு மகள்கள் அத்தனை பேரும் நானே, சகோதரர்கள் அத்தனை பேரும் நானே. அந்தத் தம்பி நிறுத்தி நிதானமாக வாசித்தான். அடுத்தது என் வரி. வாய் வரவில்லை. எங்கள் வீட்டில் ஆண் பிள்ளை கிடையாது, நான்தான் மூத்தவள். அப்பா இறந்தபோது கொள்ளி வைக்கத் தைப்பிங்கிலிருந்து சித்தப்பா மகன் வரும்வரை எல்லாரும் காத்திருந்தார்கள். நான் பக்கத்திலேயேதான் நின்றேன். டீச்சர் என்னை அவசரப்படுத்தவில்லை, ஏன் என்றும் கேட்கவில்லை. புத்தகத்தில் விரலை வைத்தபடி இருந்தார். சொல்லிக்கொடுக்கத் தெரிந்தவர்.

நாலாவது வாரம்தான் என் தொழிலுக்கு நெருக்கமானது. 1620 ஜனவரியில் ஜேம்ஸ் மன்னர் லண்டன் பாதிரியார்களுக்கு உத்தரவு போட்டார். அகல விளிம்புத் தொப்பி, கூர்நுனி மேற்சட்டை, கட்டையாக வெட்டிய முடி என்று திரியும் பெண்களைப் பிரசங்கத்தில் கண்டிக்க வேண்டுமாம். அடுத்தடுத்து இரண்டு சிறுநூல்கள் அச்சாகின. முதலாவது பெண்களைத் திட்டுவது. அதன் லத்தீன் தலைப்பு ‘ஹிக் முலியேர்’, இலக்கணப் பிழையையே தலைப்பாக வைத்தது. தமிழில் ‘பெண் வந்தான்’ என்று எழுதினால் எப்படியோ அப்படி. பால் வழு என்று டீச்சர் பலகையில் எழுதினார். பால் என்றால் எனக்கு முதலில் ஞாபகம் வருவது கித்தாப் பால், அதாவது ரப்பர் மரத்துப் பால்தான். அந்த ஞாபகத்தோடு அம்மாவும் வந்தார். பெரட்டுக்கு, அதாவது காலை ஆள் கணக்கெடுப்புக்குப் போகுமுன் இருட்டில் கைலிக்கு மேல் அப்பாவின் முழுக்கைச் சட்டையை மாட்டுவார். கொசுக்கடிக்கும் பால் கறைக்கும் அதுதான் தோது. ஆண் சட்டையில் பித்தான் வலப்பக்கம், காஜா இடப்பக்கம். பெண் சட்டையில் அப்படியே மாறி வரும். இடம் மாற்றித் தைத்துத் தரட்டுமா என்று தையல் பழகிய புதிதில் கேட்டிருக்கிறேன். “விடு, கை பழகிருச்சு” என்றார்.

இரண்டாவது நூல் ‘ஹேக் வீர்’, அதாவது ‘ஆண் வந்தாள்’. அதில் ஆண் உடைப் பெண்ணும் பெண் சாயல் ஆணும் வாதாடுகிறார்கள். வழக்கம் ஒரு மூடன் என்று அவள் முகத்துக்கு நேராகச் சொல்கிறாள். ஆனால் கடைசியில், நீங்கள் பழையபடி ஆண்களாக இருங்கள், நாங்களும் பழையபடி பெண்களாகிறோம் என்று முடிகிறது. எனக்குக் கோபம் வந்தது. இவ்வளவு பேசிவிட்டு ஏன் இறங்கிப் போக வேண்டும்? அரை மணி நேரம் எங்களைச் சண்டை போடவிட்டார் டீச்சர். நல்ல சண்டை.

ஐந்தாம் வாரம் எங்களோடு படிக்கும் திருநங்கைத் தங்கை ஒருத்தி, “அப்ப எங்கள மாதிரி ஆளுங்க இருந்தாங்களா டீச்சர்?” என்று கேட்டாள். இன்றைய பெயர்களை அன்றைக்குத் தூக்கி ஒட்ட முடியாது என்று முதலில் சொல்லிவிட்டு, டீச்சர் பிரெஞ்சு எழுத்தாளர் மான்டேய்ன் கேள்விப்பட்ட கதையைச் சொன்னார். 22 வயதுவரை மரியாக வாழ்ந்தவர் ஒரு தாவு தாவியபோது ஆண் உறுப்பு வெளிப்பட்டதாம். ஆயர் ஜெர்மைன் என்று பெயர் வைத்தார். பெண்ணுக்கும் ஆணுக்கும் உறுப்பு ஒன்றுதான், சூடு போதாததால் பெண்ணுக்கு உள்ளே நின்றுவிட்டது என்பது பழைய கிரேக்க வைத்தியர் கேலன் காலத்து வைத்தியம். அதனால் அவர்களுக்கு இது நம்பக்கூடியதாக இருந்தது. நீளமாகக் கால் எடுத்து வைக்காதே, ஆம்பிளையாகிவிடுவாய் என்று அந்த ஊர்ப் பெண்கள் பாட்டே பாடினார்களாம். ‘பொம்பளப் புள்ள தாண்டிக் குதிக்காத’ என்று தோட்டத்து லயத்து வீட்டில் என் பாட்டி போட்ட சத்தம் காதில் கேட்டது. அந்தத் தங்கை கதை முழுக்க நோட்டில் எழுதிக்கொண்டாள்.

குறை இரண்டு சொல்ல வேண்டும். கடைசி வாரத்தில் இத்தாலிய எழுத்தாளர் மொடராட்டா ஃபோன்டேயையும் ஆங்கிலக் கவிஞர் எமிலியா லான்யரையும் சேர்த்து அடைத்து ஓட்டிவிட்டார். ஏவாளுக்காக 1611-இல் வக்காலத்து எழுதிய லான்யருக்குப் பத்து நிமிஷம் போதாது. ஃபோட்டோஸ்டாட் தாள்கள் மங்கல். கண்ணாடி போட்டும் அடிக்குறிப்பு தெரியவில்லை.

படியும் செங்குத்து. அம்மாவுக்கு முட்டி வலி, ஏற முடியாது. ஒவ்வொரு சனிக்கிழமை ராத்திரியும் நான்தான் கதை சொல்வேன். வயோலா கதையைக் கேட்டுவிட்டு, “அந்தப் புள்ள திரும்பப் பொம்பள உடுப்பு போட்டுச்சா?” என்று கேட்டார். இல்லம்மா, அவள் துணியை வைத்திருக்கிற மாலுமி சிறையில் கிடக்கிறான், அதற்குள் நாடகம் முடிந்துவிடுகிறது என்றேன். “அப்ப அந்தச் சட்டையோடதான் நிக்குதா” என்றார்.

அடுத்த தொடர் தைப்பூசத்துக்குப் பிறகு. அதை என் கடையில் வைக்கச் சொல்லி டீச்சரிடம் கேட்டிருக்கிறேன். வெட்டு மேசையைச் சுவரோரம் தள்ளினால் 15 நாற்காலி போடலாம்.